இரண்டு தடவை கூட்டிய ஏழு

நான்காம் தேதி, திங்கள் இரவு

அன்புள்ள ஸ்கேலுக்கு,

இந்த நேரத்தில் எழுதுவதற்கு முதலில் மன்னித்துக்கொள். மணி ஒன்றேகால். கடிதம் உன் கைக்கு வரப் பத்து நாளாகும், நீ அதைக் காலையில் டீயோடு படிக்கப்போகிறாய், இதில் மன்னிப்பு எதற்கு என்று சிரிப்பாய். தூக்கம் கெட்டவள் எழுதுகிற கடிதம் எப்படி இருக்கும் என்று எனக்கே தெரியும். அதனால் முன்கூட்டியே கேட்டு வைக்கிறேன். பகலில் இரண்டு தடவை ஆரம்பித்தேன். முதல் தாளை உருண்டை தின்றுவிட்டாள். இரண்டாவதில் மூன்று வரி எழுதி மூன்றையும் நானே அடித்துவிட்டேன். ரப்பர் என்று எனக்குப் பேர் வைத்தவள் நீதானே, ஆச்சரியப்பட மாட்டாய்.

இங்கே யாருக்கும் காய்ச்சல் இல்லை, அதனால் சுகம் என்றே எழுதிக்கொள்ளலாம். உன் மூட்டுவலி எப்படி இருக்கிறது? அங்கே குளிர் ஆரம்பித்திருக்குமே. வயிற்றுக்கு ஒழுங்காகச் சாப்பிடுகிறாயா, இல்லை பழையபடி பிஸ்கட்டிலேயே காலம் தள்ளுகிறாயா?

உருண்டைக்கு எட்டு மாதம் முடிந்து பதினோரு நாள். இன்னும் தவழவில்லை. உருளுகிறாள், அவ்வளவுதான். அறையின் இந்தச் சுவரிலிருந்து அந்தச் சுவருக்கு உருண்டே போய்ச் சேர்ந்துவிடுகிறாள். டாக்டர் கவலைப்பட ஒன்றுமில்லை என்கிறார். மாமியார், தன் பிள்ளையும் தவழவே இல்லை, நேராக எழுந்து நின்றுவிட்டான் என்கிறார். நான் மட்டும் தரையில் உட்கார்ந்து அவள் முழங்காலையே பார்த்துக்கொண்டிருக்கிறேன். அவள் தூங்கும்போது மூக்கின்கீழ் விரலை வைத்துப் பார்க்கிறேன். நேற்று நாலாவது தடவை எழுந்து வைத்தபோது இவர் கண்ணைத் திறக்காமலே, "அவளுக்கு மூச்சு இருக்கு, நீ கொஞ்சம் மூச்சு விடு" என்றார். மருந்துக்கடையில் நாள் முழுக்க நின்றுவிட்டு வருகிற மனிதர், அவரைச் சொல்லிக் குற்றமில்லை.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். போன மாதம் உனக்கு ஒரு சேதி அனுப்பினேன், நினைவிருக்கிறதா? உருண்டையின் படம் ஒன்று, அதற்குக் கீழே ஒரு கேள்வி. நீ படத்துக்குப் பதில் போட்டாய். கன்னத்தைக் கிள்ளச் சொன்னாய், மூன்று முத்தம் வைத்தாய். கேள்வியைப் பற்றி ஒரு வார்த்தை இல்லை. அவசரத்தில் பார்த்திருக்க மாட்டாய் என்று ஒரு வாரம் நினைத்துக்கொண்டேன். பிறகு அப்படி நினைக்க முடியவில்லை. போனில் கேட்கலாம்தான். நீ சிரித்து மழுப்புவாய், நானும் கூடச் சேர்ந்து சிரித்துவிடுவேன், போனை வைத்த பிறகு சுவரில் முட்டிக்கொள்வேன். அதனால்தான் தாள்.

நம்முடைய புத்தகம் அச்சுக்குப் போகப்போகிறது. நம்முடைய என்று நாம் சொல்லிக்கொள்ளலாம், உள்ளபடிக்கு அது குத்துக்கல்லின் புத்தகம். (அந்தப் பேரை எழுதும்போதெல்லாம் முதல் மழைநாள் ஞாபகம்தான். நாமெல்லாம் தார்ப்பாய்க்குள் ஓட, துறைத் தலைவர் மட்டும் நனைந்தபடி கல்லோடு கல்லாக நின்று எண்ணிக்கொண்டிருந்தாரே. போன வாரம் மாமியார் என்னிடம், "குத்துக்கல்லாட்டம் நான் ஒருத்தி வீட்டுல இருக்கேன், பிள்ளையைப் பார்த்துக்க மாட்டேனா?" என்று கோபித்துக்கொண்டார். சிரித்துவிட்டேன். அதற்கும் கோபம்.) முப்பத்திரண்டு வருடத்து உழைப்பு, பழங்காலத்தில் நட்ட நானூற்றுப் பதினேழு நெடுங்கற்கள், ஒவ்வொன்றுக்கும் உயரம், சாய்வு, எந்தத் திசை பார்க்கிறது என்று கணக்கு. அடுத்த மாதக் கடைசியில் ஓய்வு பெறுகிறார். புத்தகம் கையில் இருக்க வேண்டும், விடைபெறும் கூட்டத்தில் எல்லோருக்கும் கொடுக்க வேண்டும் என்று ஒற்றைக் காலில் நிற்கிறார். பதினோரு படங்களில் கல்லுக்குப் பக்கத்தில் நீ நிற்கிறாய். அளவுகோல் உடைந்த பிறகு உன்னையே நிறுத்திப் படமெடுத்தோமே, அவைதான். ஆள் முகம் வேண்டாம், உயரம் தெரிந்தால் போதும், தலையை வெட்டிவிடுங்கள் என்றாராம். தலையை வெட்டினால் உயரம் எப்படி சார் தெரியும் என்று அச்சகத்துக்காரர் கேட்டாராம். கழுத்து வரை தப்பித்தாய்.

அட்டையில் வேறென்ன போடுவார்கள், சூரிய வாசல்தான். இரண்டு நெடுங்கல், நடுவில் சந்து, பின்னால் அந்த உட்காரும் கல். ஆண்டின் மிக நீண்ட பகலன்று, உட்காரும் கல்லிலிருந்து பார்த்தால் சந்துக்குள் சரியாகச் சூரியன் எழும். நீ அளந்தாய், நான் வரைந்தேன், ஊரே படித்தது. புரூஃப் வாங்கிவர அலுவலகம் போயிருந்தேன். கிடங்குக்காரர் பழைய கருவிகளைக் கழித்துக் கட்டிக்கொண்டிருந்தார். நம் திசைகாட்டியை எடுத்து, "மூடி உடைஞ்சு போச்சும்மா, பிள்ளைக்கு விளையாடக் கொடுங்க" என்று என் பையில் போட்டுவிட்டார். உனக்குத்தான் என்னைத் தெரியுமே. வீட்டுக்கு வந்ததும் அதில் கழன்று வாய்க்குள் போகிற மாதிரி என்னென்ன இருக்கிறது என்று ஒவ்வொரு திருகாகத் தடவிப் பார்த்தேன்.

பக்கவாட்டில் அந்தச் சின்னத் திருகு. காந்தமுள் காட்டுகிற வடக்குக்கும் நிஜ வடக்குக்கும் இருக்கிற ஏழு டிகிரி வித்தியாசத்தைக் கருவியிலேயே சரிசெய்து வைக்கிற திருகு. அது ஏழில் நின்றுகொண்டிருந்தது. அதன் தலையில் ஒரு சொட்டு நகப்பூச்சு காய்ந்து கிடந்தது. யாரும் கைதவறித் திருப்பிவிடாதபடி பூட்டுப் போட்ட மாதிரி. உன்னுடைய கத்தரிப்பூ நிறம். அதை வேறு யாரும் பூசிக்கொள்ள மாட்டார்கள், அவ்வளவு அசிங்கம்.

வாசல்கல்லை அளந்தபோது அந்தத் திருகை நாம் தொட்டிருக்கவே இல்லை என்றுதான் நான் நினைத்துக்கொண்டிருந்தேன். கல்லடியில் முள் காட்டுவதை அப்படியே எழுதுவோம், மேசைக்கு வந்த பிறகு வரைபடத்தில் நான் ஏழைக் கூட்டுவேன், அதுதானே வழக்கம்.

உருண்டையை மாமியாரிடம் கொடுத்துவிட்டுக் களக்குறிப்பின் நகலை எடுத்தேன். ஒவ்வொரு நாள் பக்கத்தின் தலையிலும் நாம் எழுதுவோமே, தி.இ. அல்லது தி.உ. என்று. திருத்தம் இல்லை, திருத்தம் உண்டு. கூட்டுகிறவள் குழம்பக்கூடாது என்று நீயே கண்டுபிடித்த ஏற்பாடு. பருவத்தின் முதல் ஐந்து வாரமும் தி.இ., தி.இ., தி.இ. கடைசி ஒன்பது நாளும் தி.உ. நடுவில் ஒரே ஒரு பக்கம். அதில் ‘தி.’ மட்டும் இருக்கிறது. அதற்குமேல் எழுத்து இல்லை. கீழே இரண்டு வாசல்கல்லின் உயரம், உட்காரும் கல்லிலிருந்து தூரம், திசை 58. நேரம் பத்து நாற்பது. பிறகு பக்கம் முழுக்க வெள்ளை.

நான் அந்த 58-ஓடு ஏழைக் கூட்டி 65 என்று வரைந்தேன். நம் பக்கத்தில் சூரியன் வடக்கே போகிற கடைசி எல்லையும் 65தான். அதனால்தான் அது வாசல் ஆனது. அன்று காலை நீ திருகை மாற்றிவிட்டிருந்தாயானால், அந்த 58-க்குள் ஏழு முன்னாடியே இருக்கிறது. சமையலில் இரண்டு பேர் உப்புப் போட்ட கதைதான், ஒருத்திக்கும் மற்றவள் போட்டது தெரியாது. கற்கள் பார்த்த திசை வெறும் 58. அந்தப் பக்கம் சூரியன் என்றைக்குமே உதிப்பதில்லை. ஐயாயிரம் வருடத்துக்கு முன்னால் அந்தக் கல்லில் யாரோ உட்கார்ந்து எதையோ பார்த்திருக்கிறார்கள். அது நாம் சொல்கிற சூரியன் இல்லை.

முந்தின சாயங்காலம் நீ கூடாரத்தில் காலை நீட்டிக்கொண்டு, "ஏழைக் கூட்டிக் கூட்டி அலுத்துப்போச்சுடி, திருகையே மாத்திடப் போறேன்" என்று சொன்ன மாதிரி இருக்கிறது. சொன்னாயா? நான்தான் இப்போது உட்கார்ந்து கற்பனை செய்கிறேனா? எட்டு மாதமாகத் தூங்காத தலை இது. பால் பாட்டிலை அலமாரியில் வைத்துவிட்டு மூக்குக்கண்ணாடியைக் கொதிக்கும் தண்ணீரில் போட்டவள் நான். என்னை நானே நம்புவதாக இல்லை.

மறுபடி அளந்துவிடலாம் என்றால் கல்லைப் பெயர்த்து எடுத்தாயிற்று, இடம் புது அணைத் தண்ணீருக்குள் இருக்கிறது. கல்லைக் கண்டால் நாயைக் காணோம், நாயைக் கண்டால் கல்லைக் காணோம் என்பார்களே. திசைகாட்டி என் மடியில் இருக்கிறது, கல் இருந்த குழி முப்பதடி ஆழத்தில். படங்களைப் பார்த்தேன். ஓரத்தில் வைத்த வடக்கு அம்பும் அதே கருவியை வைத்துப் போட்டது. நிழலை வைத்தாவது கணக்குப் போடலாம் என்று பெரிதாக்கிப் பார்த்தேன். அன்று மேகமூட்டம், ஒரு படத்திலும் நிழல் விழவில்லை. வானத்திலிருந்து எடுத்த பழைய படத்தில் வெறும் மரக்கூட்டம். சண்டை போடக்கூட ஆளில்லாத மாதிரி இருந்தது.

சரி, வாயைத் திறந்து சொல்லிவிடுவோம் என்று போன புதன்கிழமை உருண்டையை இடுப்பில் வைத்துக்கொண்டு குத்துக்கல்லின் அறைக்குப் போனேன். நல்ல மனிதர்தான் போ. அவளை வாங்கி மேசைமேல் உட்காரவைத்து, காகிதம் பறக்காமல் வைக்கிற கூழாங்கல்லைக் கையில் கொடுத்தார். நான் வெடுக்கென்று பிடுங்கினேன். அதிலேயே என் பேச்சுக்குப் பாதி மதிப்புப் போய்விட்டது. திருகு, நகப்பூச்சு, தி. எல்லாம் சொன்னேன். கடைசிவரை கேட்டார். கேட்டுவிட்டு ஜன்னல் பக்கம் கையைக் காட்டினார். நீ போன பிறகு அந்த மூன்று கல்லையும் அலுவலகத்து முன் தோட்டத்தில் நட்டிருக்கிறார்கள், படம் அனுப்பினேனே.

"ஏம்மா, போன ஜூன்ல சூரியன் வந்துச்சா, இல்லையா?"

"வந்தது சார்."

"சந்துக்கு நடுவுலதானே வந்துச்சு?"

"நடுவுலதான் சார். என் வரைபடத்தைப் பார்த்துதானே குழி வெட்டினாங்க? நாம நட்ட கல்லுக்கு நடுவுல வராம எங்க போகும்?"

அவர் சிரிக்கவில்லை. அன்று காலை நானூறு பேர் கைதட்டியபோது அவர் கண் கலங்கியதை நான் பக்கத்தில் நின்று பார்த்தேன். முப்பத்திரண்டு வருடமாகக் கல்லைக் கட்டிக்கொண்டு அழுகிறார் என்று அவர் வீட்டிலேயே சொல்வார்களாம். அன்றைக்குத்தான் வீட்டிலிருந்து எல்லோரும் வந்திருந்தார்கள். அவர் என்னைத் திட்டியிருந்தால் பரவாயில்லை. "உனக்குத் தூக்கம் பத்தலைம்மா. என் பொண்ணும் பிள்ளை பெத்த புதுசுல அடுப்பை அணைச்சோமான்னு பத்து தடவை எழுந்து பார்ப்பா" என்றார். அந்த இடத்தில் எனக்கு வந்த ஆத்திரத்தை இந்தத் தாளில் எழுதினால் தாள் கிழிந்துவிடும். ஆண்பிள்ளை ஒருவன் வந்து இதே கணக்கைச் சொல்லியிருந்தால் அவன் தூக்கத்தைப் பற்றி யாராவது கேட்டிருப்பார்களா? நான் மீசை வைத்துக்கொண்டா வர முடியும்? ஒன்பது வருடமாக அவருடைய ஒவ்வொரு கல்லையும் வரைந்த கை இது. ஒரு கோடு தப்பியது என்று இதுவரை யாரும் சொன்னதில்லை. இப்போது நானே சொல்கிறேன், அதைத்தான் நம்ப மாட்டேன் என்கிறார்கள்.

கல்லில் நார் உரிக்கிற மாதிரி ஒரு மணி நேரம் பேசினேன். கடைசியில் ஒன்று சொன்னார். அளந்தவள் நான் இல்லையாம், நீயாம். "அவ கையெழுத்து அது. திருகை மாத்தினேன்னு அவ ஒரு வார்த்தை சொல்லட்டும், அட்டையோட சேர்த்துக் கிழிச்சுப் போடறேன்" என்றார். உருண்டை அதற்குள் அவர் புரூஃபில் வாய் வைத்துவிட்டாள்.

இவரிடம் வந்து புலம்பினேன். "அஞ்சாயிரம் வருஷமா அந்தக் கல்லு யாருக்கும் பதில் சொல்லலை, நீ ஏன் பதில் சொல்லிக்கிட்டு இருக்கே?" என்றார். நகைச்சுவையாம். அவர் மருந்துக்கடையில் யாராவது ஐந்து சொட்டுக்குப் பதில் பன்னிரண்டு சொட்டு என்று எழுதினால் சும்மா இருப்பாரா என்று கேட்டேன். அது வேற, ஆள் செத்துப்போவான் என்றார். இதில் ஆள் ஏற்கெனவே செத்துவிட்டார், அதுதான் வித்தியாசம் என்றேன். இரண்டு நாள் எங்களுக்குள் பேச்சு வார்த்தை உப்பு எங்கே, துண்டு எங்கே என்கிற அளவுக்குத்தான். மாமியார் வேறு, இவ்வளவு கத்தினால் பால் எப்படிச் சுரக்கும் என்று கவலைப்படுகிறார்.

புரூஃபில் வரைபடப் பக்கத்தின் அடியில் இரண்டு பேர் அச்சாகியிருக்கிறது. அளந்தவர், நீ. வரைந்தவர், நான். என் பேருக்கு நேரே நான் கையெழுத்துப் போட்டு இருபத்தைந்தாம் தேதி கொடுக்க வேண்டும். நான் வேலைக்குத் திரும்புவதும் அந்த வாரம்தான். என் வேலையை இன்னொரு வருடத்துக்கு நீட்டிக்கிற தாளும் அவர் மேசையில் அதே கட்டில் இருக்கிறது. அதைக் காட்டி அவர் ஒன்றும் மிரட்டவில்லை. அவர் அப்படிப்பட்டவர் இல்லை. எனக்கேதான் பயம்.

உன் பக்கத்து நிலைமையும் யோசிக்காமல் இல்லை. அந்த வாசலை வைத்துத்தான் உனக்கு அங்கே இடம் கிடைத்தது. போன வாரம்கூட எங்கோ மேடையில் அதைப் பற்றிப் பேசியிருக்கிறாய், பின்னால் திரையில் நம் வரைபடம். நான் போட்ட ஏழு அது. உன் தலையில் கல்லைப் போடுகிற வேலையை நான் செய்கிறேன் என்று உனக்குத் தோன்றினால், தோன்றட்டும். எனக்கும் அப்படித்தான் தோன்றுகிறது. நீ இங்கே எதிரில் இருந்தால் அடித்துக்கொண்டாவது பேசித் தீர்த்திருப்போம்.

அந்தப் பக்கத்தின் தேதியை நான் கடைசியாகத்தான் பார்த்தேன். பார்த்ததும் குறிப்பை மூடிவிட்டு, உருண்டையை மாமியாரிடமிருந்து வாங்கிக்கொண்டேன்.

அன்று நான் களத்தில் இல்லை. வழக்கமான பரிசோதனை, மத்தியானத்துக்குள் வந்துவிடுகிறேன் என்று சொல்லிவிட்டுப் போனேன். பதினோரு மணிக்கு இவர் உனக்குப் போன் செய்தார். நீ ஜல்லி லாரியில் ஏறி வந்தாய் என்று பிறகு தெரிந்தது. சேற்றுப் பூட்ஸோடு உள்ளே விடமாட்டேன் என்று நர்ஸ் சொல்ல, வாசலிலேயே கழற்றிப் போட்டுவிட்டு வெறுங்காலோடு வந்து நின்றாய். கழுத்தில் இந்தத் திசைகாட்டி தொங்கிக்கொண்டிருந்தது. நான் அதைப் பார்த்து, கருவியைக் களத்தை விட்டு வெளியே கொண்டுவரக்கூடாதே என்றுதான் முதலில் சொன்னேன். நாலு நாள் என் கூடவே இருந்தாய். அச்சகத்தைப் பற்றிப் பேசினாய், கிடங்குக்காரரின் பல்லைப் பற்றிப் பேசினாய். உருண்டைக்கு முன்னால் என் வயிற்றில் இருந்து இல்லாமல் போனதைப் பற்றி நீயும் பேசவில்லை, நானும் பேசவில்லை. நீ திரும்பிப் போவதற்குள் வாசல்கல்லை லாரியில் ஏற்றிவிட்டார்கள். மறுநாள் சரிபார்ப்பதாக இருந்த அளவு அப்படியே நின்றுபோனது.

தி. என்று எழுதின பேனா பாதியில் ஏன் நின்றது, எனக்கு இப்போது தெரிகிறது. பக்கத்தின் தலையைக் கடைசியில் நிரப்புகிற பழக்கம் உனக்கு. எழுத ஆரம்பித்திருப்பாய், போன் அடித்திருக்கும்.

மூன்று வாரம் கழித்து நான் மேசையில் உட்கார்ந்து வரைந்தேன். அந்தப் பக்கம் வந்தபோது எழுத்து குறைவதைக் கவனித்தேன் என்றே நினைக்கிறேன். ஸ்கேலிடம் ஒரு வார்த்தை கேட்டால் போதும், நீ மூன்றாவது மேசையில்தான் இருந்தாய். ஆனால் கேட்டால் அந்தத் தேதியை வாயால் சொல்ல வேண்டும். முந்தின நாள் இ. என்றால் அன்றும் இ.தானே என்று ஏழைக் கூட்டிவிட்டேன். 65 வந்ததும் குத்துக்கல் நாற்காலியை விட்டு எழுந்தது, எல்லோரும் என் மேசையைச் சுற்றிக்கொண்டது எல்லாம் நினைவிருக்கிறது. நீயும் வந்து என் தோளைப் பிடித்தாய். பிறகு கோப்பை கழுவ வேண்டும் என்று போனாய். உன் கோப்பையில் டீ பாதி இருந்தது. இதை நான் இரண்டு வருடத்தில் ஒரு தடவைகூட நினைத்ததில்லை. இப்போது ஒரு மாதமாகத் தினமும் நினைக்கிறேன்.

அன்றைக்கே உனக்குத் தெரியுமா என்று நான் கேட்கவில்லை. அதை நீ சொல்லவும் வேண்டாம். அழுகையை மூன்று வாரத்துக்கு அப்புறம் அன்றுதான் நான் நிறுத்தியிருந்தேன் என்று நீ நினைத்திருந்தால், நினைத்தது சரிதான். அந்த மூன்று வாரம் எனக்கு இரண்டு மாதம் மாதிரி இருந்தது. என் முகத்தில் சிரிப்பைப் பார்த்துவிட்டு யாராவது ஏழைக் கழிக்கச் சொல்வார்களா? நானாக இருந்தாலும் கோப்பைதான் கழுவியிருப்பேன்.

நான் செய்யப்போவதைச் சொல்லிவிடுகிறேன், பிறகு என்மேல் வருத்தப்படாதே. நீ திருகை மாற்றியிருந்தாய் என்றால், வரைபடத்தின் கீழே ஒரு குறிப்புப் போடச் சொல்வேன். திசையில் ஏழு டிகிரி தவறுதலாக இருமுறை சேர்ந்துவிட்டது, பிழை வரைந்தவருடையது என்று. என் பேர் மட்டும். கூட்டினது நான்தானே. நீ களத்தில் செய்தது எல்லாம் சரி, ஓர் எழுத்தைத் தவிர. உன்னை யாரும் கேட்டால், எழுத்து ஏன் விட்டுப்போனது என்று நீ என் பேரைச் சொல்லிக்கொள்ளலாம். அந்த நாளைச் சொல்லலாம். எனக்கு ஆட்சேபணை இல்லை. முன்பு இருந்தது, இப்போது இல்லை. மாற்றவில்லை என்றால் கையெழுத்துப் போட்டுவிட்டு, குத்துக்கல்லிடம் போய் மன்னிப்புக் கேட்டுவிட்டு, ஒரு நாள் முழுக்கத் தூங்குவேன்.

நீ பதிலே போடாவிட்டால் என்ன செய்வேன் என்று எனக்குத் தெரியவில்லை. கையெழுத்துப் போடவும் முடியாது, போடாமல் இருக்கவும் முடியாது. அதைவிட, உருண்டையின் படத்தை உனக்கு அனுப்ப எனக்குக் கை வராது. ஒவ்வொரு முத்தத்துக்கும் கீழே நீ சொல்லாமல் விட்டதைத் தேடிக்கொண்டிருப்பேன். அது எனக்கு வேண்டாம்.

அவள் எழுந்துவிட்டாள், உள்ளே முனகல் கேட்கிறது. இவர் தட்டிக்கொடுக்கிறார், அது ஐந்து நிமிடம்தான் தாங்கும். உடம்பைப் பார்த்துக்கொள். மூட்டுக்கு இவர் ஒரு தைலம் சொன்னார், பேரைத் தனித் தாளில் எழுதி வைத்திருக்கிறேன். நீ எங்கே இருந்தாலும் நன்றாக இருக்க வேண்டும், உன் வேலை உன் கையை விட்டுப் போகக்கூடாது. இதை எழுதிவிட்டு அந்தக் கேள்வியையும் கேட்கிறேன், என்னை வேறெப்படியும் எடுத்துக்கொள்ளாதே.

பெரிய கடிதமெல்லாம் வேண்டாம். தி.க்கு அப்புறம் அன்று நீ எழுத இருந்தது இ.யா உ.வா, அந்த ஓர் எழுத்தைப் போனிலேயே அனுப்பினாலும் போதும். இருபத்தைந்துக்குள் எனக்கு வேண்டும். சீக்கிரம் பதில் போடு.

உன் அன்புள்ள,
ரப்பர்